ஒன்பது வருட விடுப்பு

எடை மேடையில் கிலோவை ஏமாற்ற முடியாது. பழைய இரும்பு ஏற்றிக்கொண்டு ஆலைக்கு வரும் லாரி டிரைவர்கள் எல்லோரும் ஒருமுறையாவது முயன்று, அசடு வழிந்து, அப்புறம் திருந்தியவர்கள். கிலோ என்ற அந்தப் பட்டப்பெயரை அவனுக்கு வைத்ததும் அவர்கள்தான். சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவனே ஒரு நொடி யோசித்துவிட்டுத்தான் திரும்பிப் பார்ப்பான்.

வேலை ஒன்றும் பெரிய சூத்திரம் இல்லை. வண்டி உள்ளே வரும்போது சரக்கோடு ஓர் எடை, இரும்பைக் கொட்டிவிட்டு வெளியே போகும்போது காலியாக ஓர் எடை. இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்துக்குத்தான் ஆலை காசு கொடுக்கும். அந்த வித்தியாசத்தில் கொஞ்சம் கூட்டிக்கொள்ள டிரைவர்களுக்கு நூறு வழி தெரியும். உள்ளே வரும்போது இரண்டு டிரம் நிறையத் தண்ணீர் இருக்கும், போகும்போது டிரம் காய்ந்திருக்கும். வரும்போது பின் இருக்கையில் மாமனோ மச்சானோ உட்கார்ந்திருப்பான், போகும்போது பொடிநடையாக வாசலைத் தாண்டியிருப்பான். கிலோ ஒவ்வொரு டிரம்மையும் விரல் முட்டியால் தட்டிப் பார்ப்பான். வண்டிக்குள் தலையை விட்டு ஆள் எண்ணுவான். அறுபத்தைந்து கிலோ மச்சானுக்கு ஆலை ஏன் இரும்பு விலை கொடுக்க வேண்டும் என்று அவன் கேட்ட கேள்வி அந்த வட்டாரத்தில் பிரபலம்.

செவ்வாய்க்கிழமை காலை தங்கை போன் செய்தபோது மேடை மேல் ஒரு வண்டி நின்றுகொண்டிருந்தது.

“அண்ணா, ஃபிளாட்டுக்கு அட்வான்ஸ் குடுத்துட்டேன்” என்றாள்.

மூன்றாவது மாடி, ஒரே அறை, சமையலுக்கு ஒரு மூலை, துணி காயப்போட ஒரு கம்பி. இதையெல்லாம் அவள் மூச்சு விடாமல் சொன்னாள். மருத்துவமனையின் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்ப்பவள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. முப்பத்தெட்டு வயதிலும் ஊழியர் விடுதியில், இன்னும் இரண்டு பேரோடு ஓர் அறையில் இருக்கிறாள். தன்னிடம் மட்டும் சாவி இருக்கிற ஒரு கதவு வேண்டும் என்று பல வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாள். ஃபிளாட்காரர் ஒரு மாதம் பொறுப்பாராம். வெள்ளிக்கிழமை அரை நாள் பர்மிஷன் போட்டிருக்கிறாளாம். காலை பத்து மணிக்கு இருவரும் பேங்க்குக்குப் போய் அண்ணனுடைய வீட்டுக் கடனிலிருந்து அவள் பெயரை எடுத்துவிட்டால், அடுத்த வாரமே அவளுக்கு லோன் கிடைத்துவிடும்.

“ஒன்பது வருஷம் ஆச்சுல்ல, இந்நேரம் எட்டு லட்சத்துக்குக் கீழ வந்திருக்கும்ல?” என்றாள்.

“வந்திருக்கும், பாப்பா” என்றான் கிலோ.

போனை வைத்தான். மேடை மேல் நின்ற வண்டிக்குச் சீட்டு அடித்துக் கொடுத்து அனுப்பினான். வண்டி உள்ளே போன பிறகுதான் டிரம்மைத் தட்டவில்லை என்பது உறைத்தது. வண்டிக்குள் எத்தனை பேர் இருந்தார்கள் என்றும் தெரியவில்லை.

வீடு வாங்கியபோது அவனுடைய சம்பளத்துக்கு இருபது லட்சம் கடன் தர முடியாது, இன்னொரு சம்பளக்காரரும் கூடச் சேர்ந்து கையெழுத்துப் போட வேண்டும் என்று பேங்க்கில் சொன்னார்கள். தங்கை அன்றைக்கே வந்து, காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டாள். வீடு அவன் பெயரில், கடன் இருவர் பெயரிலும். கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான், “இதுல எனக்கு என்ன ஆகும்?” என்று கேட்டாள். அவள் அப்படித்தான்.

அப்போதிருந்த மேனேஜர் நல்ல மனிதர். ஒரு விண்ணப்பத்தின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுக் காட்டினார். வட்டி ஒன்பது சதவீதம், மாறாதது. மாதம் பதினெட்டாயிரம் தவணை, இருபது வருடம். பாக்கி எட்டு லட்சத்துக்குக் கீழே இறங்கிவிட்டால் அண்ணன் சம்பளமே போதும், அன்றைக்குத் தங்கை பெயரை எடுத்துவிடலாம். தவணை மட்டும் கட்டினால் அதற்குப் பல வருடம் ஆகும். ஆனால் வருடத்துக்கு மூன்று தவணைக் காசை, அதாவது ஐம்பத்து நான்காயிரத்தை, அசலில் கூடுதலாகக் கட்டிவந்தால் ஒன்பதே வருடம். மேனேஜர் ஒன்பதைச் சுற்றி வட்டம் போட்டார். அந்தத் தாளைத் தங்கை மடித்துப் பையில் வைத்துக்கொண்டாள்.

கூடுதல் காசைத் தானே தருவதாகச் சொன்னதும் அவள்தான். மருத்துவமனையில் வருடத்துக்கு முப்பது நாள் விடுப்பு உண்டு. எடுக்காமல் விட்டால் அதைக் காசாக்கித் தருவார்கள். விடுப்பை விற்ற காசும் போனஸும் சேர்ந்தால் ஐம்பத்து நான்காயிரம் கிட்டத்தட்ட வந்துவிடும். குறைவதைக் கையிலிருந்து போட்டாள். வருடம் முடிந்ததும் பரிசோதனைக் கூடத்துப் பழுப்புக் கவரில் காசைக் கொண்டுவந்து அண்ணன் கையில் கொடுப்பாள். சாப்பிடுவாள். பிறகு சின்ன அறையில் இருக்கும் மர அலமாரியைத் திறந்து, கதவின் உட்பக்கத்தில், ரத்தக் குப்பிக் குழாய்களில் பெயர் எழுதும் கறுப்பு மார்க்கரால் ஒரு கோடு இழுப்பாள். போன வருடக் கோட்டுக்கு ஒரு விரற்கடை மேலே. போன மாதம் வந்து ஒன்பதாவது கோட்டை இழுத்துவிட்டு, “அண்ணி, நாம பாஸாயிட்டோம்” என்று சமையலறையைப் பார்த்துச் சொன்னாள்.

கிலோ காசை பேங்க்கில் கட்டாமல் இருக்கவில்லை. ஒன்பது தடவையும் கட்டினான். ஒரு காசு குறைக்கவில்லை. கட்டுவதற்கு ஒரு சீட்டு உண்டு. அதில் இரண்டு கட்டங்கள். முதல் கட்டத்துக்கு எதிரே ‘அசலில் கழிக்க’ என்று இருக்கும். இரண்டாவதுக்கு எதிரே ‘வரும் தவணைகளுக்கு வைக்க’ என்று இருக்கும். முதலாவதில் டிக் போட்டால் கடன் அந்த அளவுக்குக் குறையும், ஆனால் அடுத்த மாதத் தவணை வழக்கம்போல வந்து நிற்கும். இரண்டாவதில் போட்டால் பேங்க் அந்தக் காசை எடுத்து வைத்துக்கொண்டு அடுத்த மூன்று மாதத் தவணையை அதிலிருந்தே கழித்துக்கொள்ளும். மூன்று மாதம் சம்பளத்தில் கை வைக்காது.

முதல் வருடம் உலை பழுதாகி ஆலை இரண்டு மாதம் மூடிக் கிடந்தது. பாதிச் சம்பளம். அவன் இரண்டாவது கட்டத்தில் டிக் போட்டான். அடுத்த வருடம் சேர்த்துக் கட்டிவிடலாம் என்று நினைத்தான். அதுவரைக்கும் அதில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை.

அடுத்த வருடம் உலை நன்றாகத்தான் எரிந்தது. அப்போதும் இரண்டாவது கட்டத்தில்தான் போட்டான். காரணம் எதுவும் இல்லை. பதினெட்டாயிரம் தவணை கட்டுவதற்காக வாரத்தில் மூன்று நாள் இரண்டாவது ஷிப்ட்டும் சேர்த்துப் பார்ப்பவன் அவன். முந்தின வருடம் அந்த மூன்று மாதம் ஓவர்டைம் இல்லாமல் இருந்தபோது சாயங்காலம் என்று ஒன்று இருப்பதைப் பார்த்துவிட்டான். வெளிச்சம் இருக்கும்போதே வீட்டுக்குப் போனான். ஞாயிற்றுக்கிழமை மின்விசிறிக்குக் கீழே கை காலை விரித்துப் படுத்தான். ருசி கண்ட உடம்பு அதைக் கேட்டது. பேனா இரண்டாவது கட்டத்துக்குப் போனது. மூன்றாவது வருடத்திலிருந்து அவன் யோசிக்கக்கூட இல்லை.

சீட்டின் கிழித்த துண்டில் தேதி, கணக்கு எண், தொகை, முத்திரை இவ்வளவுதான் இருக்கும். கட்டங்கள் பேங்க் வைத்துக்கொள்ளும் பாதியில் போய்விடும். அந்தத் துண்டை ஒவ்வொரு வருடமும் தங்கையிடம் கொடுத்தான். அவள் அதை ஒரு பிஸ்கட் டப்பாவில் போட்டு வைத்தாள். வருடக் கடைசியில் பேங்க் அனுப்பும் கணக்கு அறிக்கை அவன் முகவரிக்கு வரும். உறையைக் கிழிக்காமல் எடை மேடை மேசையின் கடைசி இழுப்பறையில் போடுவான். அதன்மேல் பழைய சீட்டுக் கட்டுகளை வைப்பான்.

புதன்கிழமை அவன் தனியாக பேங்க்குக்குப் போனான். கடன் மேசையில் ஐம்பது வயதுப் பெண் ஒருத்தி இருந்தாள். மூக்குக் கண்ணாடியைச் சங்கிலியில் கட்டிக் கழுத்தில் தொங்கவிட்டிருந்தாள். இருமல் மிட்டாய் ஒன்றை வாயில் அடக்கியபடியே கணக்கு எண்ணைக் கேட்டு, கம்ப்யூட்டரைப் பார்த்து, பாக்கி பதினைந்து லட்சத்து நான்காயிரம் என்றாள்.

ஒன்பது வருடம் கட்டியிருக்கிறேனே என்றான். அவள் இருநூற்று நாற்பது வரிகள் உள்ள அட்டவணையை அச்செடுத்து அவன் முன்னால் திருப்பி வைத்தாள். ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு வரி. முதல் வரியில் பதினெட்டாயிரத்தில் பதினைந்தாயிரம் வட்டி என்று போட்டிருந்தது. மூன்றாயிரம்தான் அசல். வரி வரியாகக் கீழே போகப் போக வட்டி கொஞ்சம் இளைத்தது, அசல் கொஞ்சம் தேறியது. பாதி வழியைத் தாண்டிய பிறகும் வட்டிதான் பெரிதாக இருந்தது.

“கட்டற காசு முதல்ல வட்டிக்குத்தான் சார் போகும். மிச்சம் இருக்கறதுதான் அசலுக்கு. அதனாலதான் ஆரம்பத்துல அசல்ல போடற காசுக்கு அவ்வளவு மதிப்பு” என்றாள்.

அவன் எடை மேடைக்காரன். கழித்தல் அவனுக்குத் தொழில். இதுவரை கட்டியது பத்தொன்பது லட்சத்து நாற்பத்து மூன்றாயிரம். கடன் குறைந்தது நான்கு லட்சத்துத் தொண்ணூற்றாறாயிரம். மீதி பதினான்கரை லட்சம், டிரம்மில் வந்து தரையில் கொட்டிப் போன தண்ணீர். இன்னும் பதினொரு வருடம் இருக்கிறது. முழுக்க முடியும்போது இருபது லட்சத்துக்கு நாற்பத்து மூன்று லட்சம் கட்டியிருப்பான். வீட்டின் விலையை ஒன்பது வருடத்துக்கு முன்னாலேயே தெரிந்துகொண்டதாகத்தான் அவன் நினைத்திருந்தான்.

அந்த ஒன்பது சீட்டுகளும் முதல் கட்டத்தில் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கேட்டான். அவள் மிட்டாயை ஒரு கன்னத்திலிருந்து இன்னொரு கன்னத்துக்கு மாற்றிவிட்டுக் கம்ப்யூட்டரில் தட்டிப் பார்த்தாள். பாக்கி ஏழு லட்சத்துத் தொண்ணூறாயிரமாக இருந்திருக்கும். எட்டு லட்சத்துக்குக் கீழே. அந்தப் பழைய மேனேஜர் போட்ட வட்டம் அவ்வளவு சரியாக இருந்தது.

“முதல் வருஷம் போட்ட ஐம்பத்து நாலாயிரம் மட்டுமே இன்னைக்கு ஒரு லட்சத்துப் பத்தாயிரத்தோட வேலையைச் செஞ்சிருக்கும்” என்றாள். பிறகு அவன் முகத்தைப் பார்த்தாள்.

இப்போது அதை மாற்ற ஏதாவது வழி உண்டா என்று அவன் கேட்டான்.

“ஒன்பது வருஷமா போட்ட டிக்கை இன்னைக்கு மாத்த முடியுமான்னு கேக்கறீங்க” என்று அவள் நிதானமாகத் திருப்பிச் சொன்னாள். தான் கேட்டது தன் காதிலேயே எப்படி விழுகிறது என்று அவன் கேட்டுக்கொள்ளட்டும் என்பதுபோல இருந்தது.

அன்று சாயங்காலம் மனைவியிடம் சொன்னான். அவள் தையல் மெஷினில் ஒரு சட்டைக்குக் காலர் வைத்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு இந்தக் கட்டம் எதுவும் தெரியாது. வருடா வருடம் அந்த மூன்று மாதம் ஆலையில் வேலை குறைவு என்று அவன் சொல்லியிருந்தான், அவளும் நம்பியிருந்தாள். இப்போது மெஷினை நிறுத்திவிட்டு எல்லாவற்றையும் கேட்டாள். திட்டுவாள் என்று எதிர்பார்த்தான். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“அந்த மூணு மாசம்தான் நீங்க எங்ககூட உக்காந்து சாப்பிடுவீங்க. இவளுக்குச் சைக்கிள் விடக் கத்துக் குடுத்தது அப்பதான்” என்றாள், உள்ளே படித்துக்கொண்டிருந்த மகளைக் காட்டி.

காலரை மறுபடியும் ஊசிக்குக் கீழே வைத்தாள். தைக்கவில்லை. தங்கையிடம் என்ன சொல்லப் போகிறீர்கள் என்று கேட்டாள். தெரியவில்லை என்றான்.

“பேங்க்ல ரூல் மாறிடுச்சுன்னு சொல்லிடுங்க. பேங்க் மேல எதைச் சொன்னாலும் எல்லாரும் நம்புவாங்க.”

இதை அவள் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. நாத்தனார்மேல் அவளுக்குப் பிரியம்தான். உடைந்த பாத்திரத்தைப் பூனைமேல் போடுகிற மாதிரி, யாருக்கும் வலிக்காத இடத்தில் பழியைப் போடப் பார்த்தாள். கிலோ அதை மறுக்கவில்லை. வியாழக்கிழமை முழுவதும் அந்தப் பொய்யை வாய்க்குள் சொல்லிப் பார்த்தான். ஒரு டிரைவரிடம், இரண்டு டிரம்மையும் கவிழ்த்துக் காட்டு என்று அரை மணி நேரம் சண்டை போட்டான். இரண்டும் காலியாகத்தான் இருந்தன.

வெள்ளிக்கிழமை பேங்க் வாசலில் தங்கை அவனுக்கு முன்பே வந்து நின்றிருந்தாள். தலைக்குக் குளித்திருந்தாள். அப்படியும் பரிசோதனைக் கூடத்து ஸ்பிரிட் வாடை லேசாக வந்தது. ஒரு கையில் பிஸ்கட் டப்பா. இன்னொரு கையில் இனிப்பு அட்டைப்பெட்டி.

“இது எதுக்கு?” என்றான்.

“கடன்ல இருந்து ஆளை விடறாங்க. சும்மா கையை வீசிட்டா போறது?”

கடன் மேசையில் அதே பெண்தான். கிலோவைத் தெரிந்த மாதிரி அவள் காட்டிக்கொள்ளவில்லை. தங்கை வந்த விஷயத்தைச் சொன்னாள். அந்த அம்மா கம்ப்யூட்டரைப் பார்த்துப் பாக்கியைச் சொன்னாள். தங்கை சிரித்துவிட்டாள். வேறு யார் கணக்கையோ பார்க்கிறீர்கள் என்றாள். எண்ணை இரண்டாம் முறை படித்துக் காட்டியதும் சிரிப்பு நின்றது. டப்பாவைத் திறந்து ஒன்பது துண்டுகளையும் மேசைமேல் வருட வாரியாக அடுக்கினாள். மேனேஜர் வட்டம் போட்ட தாளை அவற்றுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

கிலோ அப்போது வாயைத் திறந்தான்.

“ரூல் மாறிடுச்சாம், பாப்பா.”

அவள் அவனைப் பார்க்கவே இல்லை. அந்த அம்மாவைத்தான் பார்த்தாள்.

“ரூல் மாத்தினா ஆளைக் கூப்பிட்டுச் சொல்ல வேண்டாமா? காசை மட்டும் ஒன்பது வருஷம் கணக்கா வாங்கிப் போட்டுக்கிட்டீங்க. நான் ஒருத்தர் ரத்தத்துல இன்னொருத்தர் பேரை ஒட்டிட்டு, ரூல் மாறிடுச்சுன்னு சொன்னா விடுவீங்களா?”

அந்த அம்மா கண்ணாடியைக் கழற்றினாள். சங்கிலியில் தொங்கவிட்டாள். கிலோவை பார்க்கவில்லை. மேசைமேல் அடுக்கியிருந்த துண்டுகளைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள். அவள் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். சொல்லாமல் அவனுக்கு இடம் விட்டாள்.

தங்கை அடங்கவில்லை. “எங்க அண்ணா யாருன்னு தெரியுமா? எடை மேடைல இருக்கார். ஒரு கிலோ விட மாட்டார். அவரையே ஏமாத்தப் பாக்கறீங்க.”

பக்கத்து மேசையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். கிலோ எழுந்து, சுவரோரம் சீட்டுகள் வைத்திருக்கும் தட்டிலிருந்து ஒன்றை எடுத்து வந்தான். பணம் கட்டும் அதே சீட்டு. தங்கைக்கு முன்னால் வைத்து இரண்டாவது கட்டத்தில் விரலை வைத்தான்.

“இதுலதான் டிக் போட்டேன். ஒன்பது தடவையும். ரூல் எதுவும் மாறல.”

அவள் இரண்டு கட்டங்களையும் படித்தாள். வேலையில் குழாய் மேல் ஒட்டிய பெயரைப் படிப்பது மாதிரி, உதட்டை அசைத்துப் படித்தாள். இதற்கு என்ன அர்த்தம் என்று அந்த அம்மாவிடம் கேட்டாள். அந்த அம்மா நாலு வரியில் சொன்னாள். ஏழு லட்சத்துத் தொண்ணூறாயிரத்தையும் சொன்னாள். தங்கை அவன் பக்கம் திரும்பினாள்.

“அந்த மூணு மாசம் சம்பளத்தை என்ன பண்ணின?”

இந்தக் கேள்வி வரும் என்று தெரியும். பதிலும் தயாராக வைத்திருந்தான். ஒரு வருடம் பிரிட்ஜ் வாங்கியது, ஒரு வருடம் மகளுக்குப் பல் பார்த்தது. அதெல்லாம் உண்மைதான். ஆனால் அவள் காசு போன இடம் அது இல்லை.

“ஒண்ணும் பண்ணல. ஓவர்டைம் போகல. வீட்டுல இருந்தேன். தூங்கினேன்.”

“தூங்கின.”

“ஆமா, பாப்பா.”

அவள் துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து டப்பாவுக்குள் போட்டாள். ஊசி குத்திப் பழகிய கை.

“வருஷத்துக்கு முப்பது நாள் நான் வித்தேன்” என்றாள், டப்பாவைப் பார்த்துக்கொண்டே. “அதை வெச்சு நீ தொண்ணூறு நாள் வாங்கியிருக்க. நல்ல வியாபாரம்.”

அவன் ஏதோ சொல்ல வந்தான். அவள் கையை லேசாக உயர்த்தினாள். ஏழாவது வருடம் விடுதி அறையில் கூட இருந்தவளின் கல்யாணத்துக்குப் போகவில்லை என்றாள். லீவு போட்டால் ஐம்பத்து நான்காயிரத்தில் இடிக்கும் என்று போகவில்லையாம். காய்ச்சலோடு ரத்தம் எடுத்திருக்கிறாளாம். நோயாளியே எழுந்து அவளை உட்காரச் சொன்னானாம். இதை வேறு ஒரு நாள் சொல்லியிருந்தால் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்திருப்பார்கள். அவளும் சிரிக்க வைப்பதுபோலத்தான் சொன்னாள்.

எழுந்தாள். இனிப்புப் பெட்டியை அந்த அம்மா பக்கம் நகர்த்தினாள். “எடுத்துக்கங்க. வாங்கினது வீணாப் போக வேண்டாம்” என்றாள். அரை நாள் பர்மிஷனில் இன்னும் ஒரு மணி நேரம் பாக்கி இருந்தது. வேலைக்குப் போய்விட்டாள்.

கிலோ வாசல்வரை பின்னாலேயே போனான். வீட்டை விற்றுவிடுகிறேன் என்றான். அவள் நிற்கவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை. அதை அவன் கவனித்தான்.

அன்று மத்தியானமே புரோக்கரைப் பார்த்தான். மனைவி இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாவது நாள், வாடகைக்குப் போகிற இடத்தில் தையல் மெஷின் வைக்க ஜன்னல் இருக்கிறதா என்று மட்டும் பார்க்கச் சொன்னாள். வீடு விற்பது நினைத்த வேகத்தில் நடக்கவில்லை. ஒரு மாதம் ஓடியது. ஃபிளாட்காரர் அந்த மூன்றாவது மாடி அறையை வேறு யாருக்கோ கொடுத்துவிட்டார். அட்வான்ஸும் திரும்பவில்லை. அந்தத் தொகையை கிலோ ஓவர்டைம் பார்த்து, அதே பழுப்புக் கவர் ஒன்றைத் தேடிப் பிடித்து, அதில் வைத்து விடுதி வாசலில் கொண்டுபோய்க் கொடுத்தான். அவள் எண்ணிப் பார்த்து வாங்கிக்கொண்டாள். இதற்கு முன் அவன் கொடுத்த எதையும் அவள் எண்ணியதில்லை.

நான்காவது மாதம் அவளே போன் செய்தாள். விற்பனை எந்த அளவில் இருக்கிறது என்று கேட்டாள். ஒரு பார்ட்டி ஒத்துவரும்போல இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை கடைசியாக ஒருமுறை பார்க்க வருகிறார்கள், பேங்க் கடனை அடைத்த அன்றே உன் பெயர் போய்விடும் என்றான். சரி என்றாள். பிறகு, அடுத்த மாதம் பத்து நாள் லீவு எழுதிக் கொடுத்திருக்கிறேன் என்றாள்.

“எங்கயாவது போறியா?”

“இல்ல. தூங்கப் போறேன்.”

குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் அவனுக்குப் பிடித்துக்கொள்ள ஏதோ ஒன்று இருந்திருக்கும். மேடை மேல் வண்டி ஏறியது. இறங்கிப் போய் டிரம்மைத் தட்டினான். பின் இருக்கையில் ஆள் எண்ணினான். டிரைவர், “என்ன கிலோ, என்னையும் ஒரு தட்டுத் தட்டிப் பாக்கறது” என்றான். கிலோ சிரிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை வந்தவர்கள் இளம் தம்பதி. கணவன் சுவரைத் தட்டிப் பார்த்தான், குழாயைத் திறந்து மூடினான். இருபது வருடக் கடன் போடுகிறார்களாம். மாதத் தவணை கைக்கு அடக்கமாக இருக்கிறது, அதுதானே முக்கியம் என்றான். அட்டவணையை முழுக்கப் படித்தீர்களா என்று கிலோ கேட்டான். அதெல்லாம் யார் சார் படிக்கிறார்கள் என்று அவன் சிரித்தான். கிலோ மேசை இழுப்பறையிலிருந்து தன்னுடைய அட்டவணையை எடுத்து அவன் கையில் கொடுத்தான். முதல் வரியையும் நூற்றெட்டாவது வரியையும் மட்டும் பார்க்கச் சொன்னான். அவன் மரியாதைக்கு வாங்கி மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.

அந்தப் பெண் சின்ன அறைக்குள் போய் அலமாரியைத் திறந்தாள். கதவின் உட்பக்கத்தைப் பார்த்துக் குனிந்தாள். ஒன்றன்மேல் ஒன்றாக ஒன்பது கறுப்புக் கோடுகள்.

“குழந்தை உயரம் அளந்ததா?” என்று கேட்டாள். “ரொம்ப மெதுவா வளந்திருக்கே.”

கிலோ வாசல் நிலையில் நின்றான். மனைவி சமையலறையில் தண்ணீர்க் குழாயை மூடிவிட்டு, அவன் என்ன சொல்லப் போகிறான் என்று கேட்கிறாள் என்பது தெரிந்தது.

“குழந்தை இல்ல, என் தங்கச்சி லீவு” என்றான்.

அந்தப் பெண்ணுக்குப் புரியவில்லை. புரியாததை மறைக்க, சுண்டுவிரலில் எச்சில் தொட்டு ஒரு கோட்டைத் தேய்த்துப் பார்த்தாள். இது போகாதா என்று கேட்டாள்.

“போகாது. விலைல கழிச்சுக்கங்க.”